நேட்டால் தமிழ்க் குடும்பத்தின் வரலாற்றை நூலாக எழுதுவது எப்படி

1860 நவம்பர் 16ஆம் நாள், சென்னையிலிருந்து புறப்பட்ட ‘ட்ரூரோ’ என்னும் கப்பல் தென்னாப்பிரிக்காவின் டர்பன் துறைமுகத்துக்கு வந்து சேர்ந்தது. அன்று தொடங்கி 1911 வரை 1,52,184 பேர் ஒப்பந்தத் தொழிலாளர்களாக, டர்பனை உள்ளடக்கிய நேட்டால் பகுதியில் வந்து இறங்கினார்கள். அவர்களில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கினர் சென்னையில் கப்பல் ஏறியவர்கள். இந்தக் குடியேற்றத்தைப் பற்றி ஆய்வாளர்கள் நூல்கள் எழுதியிருக்கிறார்கள். காந்தி தலைமையில் அங்கே நடந்த சத்தியாக்கிரகத்தின் தலைவர்களுடைய வாழ்க்கை வரலாறுகளும் கிடைக்கின்றன. ஆனால் டர்பன் வட்டாரத்துச் சாட்ஸ்வர்த்திலோ டோங்காட்டிலோ இன்று வாழும் ஒரு குடும்பம், தன் முன்னோர் எந்த ஊரிலிருந்து வந்தார்கள், எந்தத் தோட்டத்தில் உழைத்தார்கள், எந்தக் கோயிலுக்குக் கல்லும் மண்ணும் சுமந்தார்கள் என்பதைப் பேரப்பிள்ளைகளின் கையில் கொடுக்கும்படி எழுதி வைத்திருப்பதை அதிகம் பார்க்க முடிவதில்லை. அப்படி ஒரு நூலை எழுத விரும்புவோருக்கு வழி சொல்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

வேலையைத் தொடங்குமுன் ஒன்றை மனத்தில் உறுதி செய்துகொள்ள வேண்டும். குடும்ப வரலாற்றில் மூன்று வகைச் செய்திகள் வரும்: ஆவணத்தில் இருப்பது, பெரியவர்கள் சொன்னது, எழுதுபவர் ஊகித்தது. இம்மூன்றும் வேறுபாடு தெரியாமல் கலந்துவிட்டால், நூல் எவ்வளவு அழகாக அச்சாகியிருந்தாலும் அடுத்த தலைமுறையினர் அதை நம்பிப் பயன்படுத்த முடியாது. ஆகவே ‘கப்பல் பதிவேட்டின்படி’, ‘என் ஆயா சொன்னபடி’, ‘இவற்றிலிருந்து நான் கருதுவது’ என்னும் தொடர்களைத் தயங்காமல் திரும்பத் திரும்ப எழுதுங்கள். இத்தொடர்கள் நடையைக் கெடுப்பதில்லை. ஒரு செய்தி எங்கிருந்து வந்தது என்று தெரிந்தவுடன் படிப்பவருக்கு அதன் மேல் பற்று கூடுகிறது.

பெரியவர்களிடம் கேட்பது

ஆவணக் காப்பகத்துக்குப் போகுமுன் வீட்டில் உள்ள முதியவர்களிடம் போக வேண்டும். காப்பகத்துத் தாள்கள் அடுத்த ஆண்டும் அங்கேயே இருக்கும். எண்பது வயதைக் கடந்த ஒரு பெரியம்மாவின் நினைவைப் பற்றி அப்படிச் சொல்ல முடியாது. கைபேசியில் ஒலிப்பதிவு செய்தால் போதும். ஆனால் தொடங்குமுன் அவர்களிடம் வெளிப்படையாக அனுமதி கேளுங்கள். பதிவின் தொடக்கத்திலேயே நாள், இடம், பேசுபவரின் பெயர், வயது ஆகியவற்றைச் சொல்லிப் பதிந்துவிடுங்கள். பதிவை அன்றைக்கே வேறொரு கருவியிலும் சேமித்து வையுங்கள்.

‘எந்த ஆண்டு?’ என்று கேட்டால் பெரும்பாலானவர்களுக்கு விடை வராது. ஊரே அறிந்த நிகழ்ச்சிகளை ஒட்டிக் கேட்டால் வரும். 1949 ஜனவரியில் டர்பனில் கலவரம் நடந்தபோது குடும்பம் எங்கே இருந்தது, அப்போது யார் கைக்குழந்தை, யாருக்குத் திருமணம் ஆகியிருந்தது என்று கேளுங்கள். இனவாரியாக வாழிடங்களைப் பிரிக்க 1950இல் இயற்றப்பட்ட குழுப் பகுதிகள் சட்டத்தின்படி, டர்பனின் கேட்டோ மேனர் பகுதியை விட்டு வெளியேற்றப்பட்ட குடும்பங்களுக்கு, வண்டியில் சாமான் ஏற்றிய அந்த நாள் மறக்காது. டர்பன் மாநகராட்சித் தொழிலாளர்கள் வாழ்ந்த மேகசின் பாரக்ஸ் குடியிருப்பு இடிக்கப்பட்டுச் சாட்ஸ்வர்த்துக்குக் குடிபெயர்ந்ததும், 1976 வெள்ளத்தில் டின் டவுன் குடியிருப்பு மூழ்கிய பின் பீனிக்ஸில் வீடு கிடைத்ததும் அதே போன்ற நாள்காட்டிகள். இந்த நான்கு ஐந்து நிகழ்ச்சிகளைக் கொண்டே ஒரு குடும்பத்தின் இருபதாம் நூற்றாண்டை ஓரளவு சரியாக வரிசைப்படுத்திவிடலாம்.

ஆண்களையும் பெண்களையும் தனித்தனியாகக் கேளுங்கள். கூடத்தில் எல்லாரும் சேர்ந்து உட்கார்ந்திருக்கும்போது தாத்தாவே பேசுவார், ஆயா தலையசைத்துக்கொண்டிருப்பார். அதே ஆயாவிடம் சமையலறையில் தனியாக உட்கார்ந்து, ஆடி மாதத்தில் மாரியம்மனுக்கு வைக்கும் ‘போரிட்ஜ் பிரேயர்’ என்னும் கூழ் வழிபாட்டுக்கு யார் கூழ் காய்ச்சினார்கள், வேப்பிலை எங்கிருந்து வந்தது, பிரசவம் பார்த்தது யார் என்று கேட்டால், தாத்தாவின் கதையில் இல்லாத ஆள்கள் வரிசையாக வருவார்கள். ஒரு குடும்பத்தின் உறவு முறை பெண்களின் நினைவில்தான் முழுமையாக இருக்கிறது என்பது என் உறுதியான எண்ணம்.

பேசுபவர் தமிழிலும் ஆங்கிலத்திலும் கலந்து பேசினால் அப்படியே எழுதிக்கொள்ளுங்கள். நாயுடு, ரெட்டி குடும்பங்களில் பலருடைய வீட்டு மொழி தெலுங்காக இருந்தது. அங்கே அவ்வா என்று சொல்லியிருந்தால் அதை ஆயா என்று மாற்றாதீர்கள். தோட்டத்து ‘லைன்’ (தொழிலாளர் குடியிருப்பு வரிசை), ‘சர்தார்’ (மேற்பார்வையாளர்) போன்ற சொற்களும் இருக்கட்டும். தெருக்கூத்தை நேட்டாலில் ‘சிக்ஸ் ஃபுட் டான்ஸ்’ என்று அழைத்தார்கள். அவ்வழக்கும் நூலில் வர வேண்டியதே.

கப்பல் பதிவேடும் அதன் எண்ணும்

ஒப்பந்தத்தில் வந்த ஒவ்வொருவருக்கும், கைக்குழந்தை உட்பட, நேட்டால் அரசு ஓர் எண்ணைக் கொடுத்தது. அந்தக் காலனி எண்தான் உங்கள் தேடலுக்குத் திறவுகோல். பழைய பிறப்புச் சான்றிதழ், திருமணச் சான்றிதழ், ஒப்பந்தம் முடிந்ததற்கான விடுதலைப் பத்திரம் ஆகியவற்றில் அது எழுதப்பட்டிருக்கும். சில வீடுகளில் பாட்டனாரின் எண்ணை மனப்பாடமாகச் சொல்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள். எண்கள் பெரும்பாலும் வந்து இறங்கிய வரிசையைப் பின்பற்றுவதால், எண் தெரிந்தால் ஏறத்தாழ எந்த ஆண்டு என்பது உடனே தெரிந்துவிடும்.

பதிவேடுகளைக் குவாசூலு-நேட்டால் பல்கலைக்கழகத்தின் வெஸ்ட்வில் வளாகத்தில் உள்ள காந்தி-லுத்தூலி ஆவண மையத்தின் வழியாகத் தேடலாம். குடியேற்றத் துறையின் பிற கோப்புகள் பீட்டர்மரிட்ஸ்பர்க், டர்பன் ஆவணக் காப்பகங்களில் உள்ளன. டர்பனில் உள்ள 1860 பாரம்பரிய மையத்துக்கும் ஒருமுறை போய்ப் பார்ப்பது நல்லது. எண் தெரியாவிட்டால் பெயர், தந்தை பெயர், ஊர் ஆகியவற்றைக் கொண்டு தேட வேண்டும். அதற்குப் பொறுமை வேண்டும், ஏனெனில் ஒரே பெயரில் பல முனுசாமிகளும் பல முனியம்மாக்களும் இருப்பார்கள்.

ஒரு வரியை எப்படிப் படிப்பது என்று பார்ப்போம். முனியம்மா என்ற பெயர், 22 என்ற வயது, தந்தை பெயர், சாதி, ஜில்லா வட ஆர்க்காடு, தாலுகா, கிராமம், உடலில் உள்ள அடையாளமாக முழங்கையில் ஒரு தழும்பு, கடைசியில் வேலைக்கு எடுத்துக்கொண்ட முதலாளியின் பெயர் என்று ஒரு வரி இருப்பதாக வைத்துக்கொள்வோம். அவசரமாகப் படிப்பவர் ஊரின் பெயரை மட்டும் எழுதிக்கொண்டு போய்விடுவார். நிதானமாகப் படிப்பவர் அதற்கு முந்தைய வரியையும் பிந்தைய வரியையும் பார்ப்பார். அடுத்த எண்ணில் நான்கு வயதுச் சிறுவன் இருந்து, அவனுடைய தந்தை பெயரை உடைய ஆண் யாரும் அந்தக் கப்பலில் இல்லையென்றால், இவள் பிள்ளையோடு தனியாக வந்த பெண்ணாக இருக்கலாம். அதே கிராமத்தின் பெயர் அருகருகே ஐந்தாறு வரிகளில் வந்தால், அவர்கள் ஒன்றாக ஊரை விட்டுக் கிளம்பியவர்களாக இருக்கலாம். ஒரே முதலாளியிடம் போனவர்களைத் தனியாகக் குறித்துக்கொண்டால், பிற்காலத்தில் உங்கள் குடும்பம் பெண் கொடுத்து எடுத்த வீடுகள் அந்தப் பட்டியலிலேயே கிடைப்பதும் உண்டு. ஆகவே உங்களவரின் வரியை மட்டும் எடுக்காமல், முன்னும் பின்னும் இருபது இருபது வரிகளைப் படியெடுத்து வையுங்கள். இவற்றில் ‘இருக்கலாம்’ என்று முடிகிற எதுவும் நூலிலும் ‘இருக்கலாம்’ என்றே முடிய வேண்டும்.

கப்பலின் பெயரோடு எத்தனையாவது பயணம் என்பதையும் எழுதிக்கொள்ளுங்கள். உம்லாசி, காங்கெல்லா, உம்சிண்டோ போன்ற கப்பல்கள் பல ஆண்டுகள் திரும்பத் திரும்ப வந்துகொண்டிருந்தன. ‘உம்லாசியில் வந்தார்’ என்பது மட்டும் எதையும் உறுதி செய்யாது. பழைய பதிவேடுகளில் சாதிக்கு நேராக ‘மலபார்’ என்றிருந்தால் கேரளத்தைத் தேடிப் போக வேண்டாம். அக்கால ஆங்கில அலுவலர்கள் தமிழரை அப்படிக் குறித்தார்கள், தெலுங்கரை ‘ஜெண்டூ’ என்றார்கள். சாதி பற்றிய பதிவைப் பொதுவாகவே எச்சரிக்கையுடன் கையாள வேண்டும். சொன்னவர் மாற்றிச் சொல்லியிருக்கலாம், எழுதியவர் தெரியாமல் எழுதியிருக்கலாம். கடல் கடந்தபோது பழைய அடையாளத்தைக் கரையிலேயே விட்டுவிட்டு வர விரும்பியவரின் மேல், நூறாண்டு கழித்து நாம் அதை மீண்டும் ஏற்ற வேண்டுமா என்பதைக் குடும்பத்தார் கூடிப் பேசி முடிவு செய்வது நல்லது.

பெயர்களின் சிக்கல்

ஆங்கிலேய எழுத்தர் காதில் விழுந்ததை எழுதினார். குப்புசாமி ‘கூப்பூசாமி’ ஆனார், சுப்பிரமணி ‘சூப்ரமனி’ ஆனார், கவுண்டர் ‘கோவெண்டர்’ என்றும் ‘கவுண்டன்’ என்றும் இரண்டு கிளையாகப் பிரிந்தார். உடன்பிறந்தவர்கள் இருவர் வெவ்வேறு குடும்பப் பெயரோடு பதிவாகியிருப்பதும் வழக்கம்: ஒருவருக்குத் தந்தையின் பெயரே குடும்பப் பெயராக எழுதப்பட்டிருக்கும், மற்றவருக்குச் சாதிப் பட்டம் எழுதப்பட்டிருக்கும். ஆகவே ஓர் ஆளுக்கு ஒரு தாள் என்று ஒதுக்கி, அவர் பெயர் எந்தெந்த ஆவணத்தில் எப்படி எப்படி எழுதப்பட்டிருக்கிறது என்பதையெல்லாம் அதன் தலைப்பிலேயே எழுதி வையுங்கள். நூலில் ஏதாவது ஒரு வடிவத்தைத் தேர்ந்து இறுதி வரை அதையே பயன்படுத்தலாம். மற்ற வடிவங்களை அவர் முதலில் அறிமுகமாகும் இடத்தில் ஒருமுறை கொடுத்தால் போதும்.

கப்பல் பதிவேட்டுக்கு அப்பால்

பதிவேட்டில் பெயர் கிடைக்கவே இல்லையென்றால், அவர் ஒப்பந்தத்தில் வராதவராக இருக்கக்கூடும். சொந்தச் செலவில் வந்த தமிழரும் உண்டு, மொரீஷியஸிலிருந்து வந்தவர்களும் உண்டு. காந்தியின் நெருங்கிய தோழராகத் திரான்ஸ்வால் பகுதியில் சத்தியாக்கிரகத்தை நடத்திய தம்பி நாயுடு மொரீஷியஸில் பிறந்தவரே.

தென்னாப்பிரிக்க ஆவணங்களில் மிகவும் பயனுள்ளது, ஆனால் பலரும் தேடாதது, இறந்தவரின் சொத்துக் கோப்பு. இறப்பு அறிவிப்புப் படிவத்தில் பெற்றோர் பெயர், பிறந்த இடம், மனைவி அல்லது கணவர் பெயர், பிள்ளைகள் பெயர் ஆகிய அனைத்தும் கேட்கப்படும். சொத்துப் பட்டியலில் இரண்டு பசு, ஒரு தையல் இயந்திரம், மரமும் தகரமும் கொண்டு கட்டிய வீடு என்று இருந்தால், அந்த மனிதரின் வாழ்க்கை உங்கள் கண்முன் வந்து நிற்கும். தேசிய ஆவணக் காப்பகத்தின் கணினி அட்டவணையில் பெயரை இட்டுத் தேடி, கோப்பு எண்ணைக் குறித்துக்கொண்டு போனால் காப்பகத்தில் நேரம் வீணாகாது.

சிறை சென்றவர்கள் குடும்பத்தில் இருந்தால் ‘இந்தியன் ஒப்பீனியன்’ இதழைப் புரட்டுங்கள். 1903இல் தொடங்கிய அவ்விதழ் முதலில் ஆங்கிலம், குஜராத்தி, இந்தி, தமிழ் ஆகிய நான்கு மொழிகளில் வந்தது. சத்தியாக்கிரகிகளின் பெயர்களும் தண்டனை விவரங்களும் அதில் வெளியாயின. காந்தி காலத்து இதழ்கள் இணையத்தில் படிக்கக் கிடைக்கின்றன. பி. எஸ். ஐயர் 1908இல் தொடங்கிய ‘ஆப்பிரிக்கன் க்ரானிக்கிள்’ இதழிலும் தமிழ்ப் பகுதி இருந்தது.

வாய்வழிக் கதையைச் சரிபார்க்கச் சில வரலாற்று உண்மைகளைக் கையில் வைத்திருக்க வேண்டும். 1866இல் நின்றுபோன ஆள் வருகை 1874இல்தான் மீண்டும் தொடங்கியது. எனவே ‘கொள்ளுத் தாத்தா 1870இல் சென்னையிலிருந்து கூலியாக வந்தார்’ என்ற கதையில் ஆண்டோ, வந்த வழியோ தவறியிருக்கிறது. ஒப்பந்தம் முடிந்தும் ஊர் திரும்பாமல் நேட்டாலில் தங்கியவர்கள் ஆண்டுதோறும் கட்ட வேண்டிய மூன்று பவுண்டு வரிக்கான சட்டம் 1895இல் இயற்றப்பட்டது. அதற்குப் பின் ஒப்பந்தமாகி வந்தவர்களையும் அவர்களுடைய பிள்ளைகளையுமே அது பிடித்தது. 1880களில் வந்து ஒப்பந்தத்தை முடித்துவிட்டவர் அந்த வரியால் சிறைக்குப் போனார் என்று எழுதுமுன் ஒருமுறைக்கு இருமுறை பாருங்கள். ஒப்பந்தத்தின் முதலாண்டில் மாதக் கூலி பத்து ஷில்லிங். ஆண்டுக்கு ஒரு ஷில்லிங் கூடி, ஐந்தாம் ஆண்டில் பதினான்கு ஷில்லிங். ‘நல்ல சம்பளம் என்று வந்தார்கள்’ என்னும் பொதுவான பேச்சுக்குப் பதிலாக இந்த எண்களை எழுதினால் படிப்பவர் தாமே உணர்ந்துகொள்வார். 1913 மார்ச்சில் கேப் உச்ச நீதிமன்றத்தில் நீதிபதி சர்ல் அளித்த தீர்ப்பு, கிறித்தவ முறையில் நடக்காத திருமணங்களைக் கேள்விக்குள்ளாக்கியது. திருமணச் சான்றிதழின் நாள், மூத்த பிள்ளையின் பிறந்த நாளுக்குப் பின்னால் இருந்தால், அதைக் கண்டு திடுக்கிட வேண்டாம், மறைக்கவும் வேண்டாம். தாலி கட்டிய நாள் வேறு, அரசுப் பதிவேட்டில் ஏறிய நாள் வேறு.

தமிழகத்து ஊரைக் கண்டுபிடிப்பது

பதிவேட்டில் உள்ள ஜில்லாவை இன்றைய வரைபடத்தில் அப்படியே தேடினால் கிடைக்காது. அன்றைய வட ஆர்க்காட்டின் ஒரு பகுதி 1911இல் சித்தூர் மாவட்டமாகப் பிரிந்து இன்று ஆந்திரத்தில் இருக்கிறது. மிச்சம் 1989இல் பிரிந்து, திருவண்ணாமலை தனி மாவட்டமாயிற்று. வேலூரிலிருந்து 2019இல் இராணிப்பேட்டையும் திருப்பத்தூரும் பிரிந்தன. தென் ஆர்க்காடு 1993இல் கடலூர், விழுப்புரம் என இரண்டாயிற்று. பின்னர் விழுப்புரத்திலிருந்து கள்ளக்குறிச்சி பிரிந்தது. ஆகவே முதலில் தாலுகாவைப் பிடியுங்கள், பிறகு கிராமத்தைத் தேடுங்கள். ஆங்கில எழுத்துகளில் சிதைந்திருக்கும் ஊர்ப் பெயரை உரக்கப் படித்துப் பார்த்தால், பாக்கம், பட்டு, குப்பம், ஊர் என்னும் இறுதிகள் காதில் விழும். ஒரே பெயரில் மூன்று ஊர்கள் இருந்தால் மூன்றையும் எழுதுங்கள். விருப்பமான ஒன்றைத் தேர்ந்து, ‘இதுதான் எங்கள் ஊர்’ என்று கல்வெட்டாக்கிவிடாதீர்கள். ஊருக்கு நேரில் போவதாயிருந்தால் தாலுகா அலுவலகத்தைவிட, அந்த ஊர் அம்மன் கோயில் பூசாரியிடம் முதலில் பேசுவது பலன் தரும்.

படங்களும் கோயில் கலையும்

குடும்ப நூலின் கலைப் பகுதி படங்களால் அமைவது. பழைய புகைப்படங்களைச் சட்டத்திலிருந்து கழற்றி, முன்பக்கத்தையும் பின்பக்கத்தையும் ஸ்கேன் செய்ய வேண்டும். உள்ளங்கை அளவுள்ள படங்களை 600 டிபிஐ அளவிலும், பெரியவற்றைக் குறைந்தது 300 டிபிஐ அளவிலும் எடுத்து, டிஃப் (TIFF) வடிவில் சேமிக்க வேண்டும். கண்ணாடியோடு ஒட்டிப்போன படத்தைப் பிய்க்காதீர்கள். அதை அப்படியே வைத்து, சாய்ந்த வெளிச்சத்தில் கேமராவால் எடுங்கள். கைபேசிச் செயலிகள் முகத்தை மெருகேற்றித் தருவதை நூலில் பயன்படுத்தவே கூடாது. அம்மை வடுவும் சுருக்கமும் போய்விட்டால் அது வேறு யாரோ ஒருவருடைய முகம்.

பின்பக்கம் ஏன் முக்கியம் என்றால், அங்கே ஸ்டூடியோவின் முத்திரையும் தெருவின் பெயரும் இருக்கும். டர்பனில் தெருப் பெயர்கள் மாறியிருக்கின்றன: கிரே தெரு இன்று டாக்டர் யூசுப் தாதூ தெரு, விக்டோரியா தெரு இன்று பெர்த்தா ம்கீசே தெரு, பிரின்ஸ் எட்வர்ட் தெருவுக்கு, எடின்பரோவில் மருத்துவம் படித்துத் திரும்பிப் போராட்டத்தில் இறங்கிய டாக்டர் குணத்தின் பெயர் இடப்பட்டிருக்கிறது. படக்குறிப்பில் பழைய பெயரை முதலிலும் புதிய பெயரைத் தொடர்ந்தும் எழுதுங்கள்.

படக்குறிப்பு எழுதுவது தனிக் கலை. கணவர் நாற்காலியில் உட்கார்ந்திருக்க, மனைவி அருகில் நிற்கும் ஒரு ஸ்டூடியோ படத்தை எடுத்துக்கொள்வோம். ‘தாத்தாவும் பாட்டியும்’ என்று எழுதுவது போதாது. கணவர் தலைப்பாகையோடு மேற்கத்தியக் கோட்டு அணிந்திருக்கிறார், காலில் செருப்பில்லை. மனைவியின் கழுத்தில் காசுமாலை, மூக்கின் இருபுறமும் மூக்குத்தி, சேலைத் தலைப்பு வலது தோளில் வந்து விழுகிறது. பின்னால் தொங்கும் திரையில் இவர்கள் ஒருநாளும் போயிராத ஒரு மாளிகையின் தூண்கள் வரையப்பட்டிருக்கின்றன. இவற்றை இரண்டு வரிகளில் எழுதினால், பேத்தி அந்தப் படத்தைப் பத்து நிமிடம் பார்ப்பாள். காசுமாலை யாரிடம் போயிற்று என்று பெரியவர்களைக் கேட்டால் ஓர் அத்தியாயமே கிடைக்கும்.

கோயில்களுக்கு வருவோம். நேட்டால் தமிழரின் கலை வரலாறு முதலில் கோயில்களில் இருக்கிறது. உம்பிலோ ஆற்றங்கரையில் இருந்த அம்பலவாணர் ஆலயம் 1905 வெள்ளத்தில் அழிந்தது. பின்னர் கேட்டோ மேனரில் எழுப்பிய ஆலயத்தில், பழைய கோயிலிலிருந்து மீட்ட செதுக்கு வேலைப்பாடுள்ள மரக் கதவுகளைப் பொருத்தினார்கள். அந்த ஆலயம் 1980இல் தேசிய நினைவுச் சின்னமாக அறிவிக்கப்பட்டது. கிருஷ்டப்ப ரெட்டி போன்ற கோயில் கட்டுநர்கள் பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியிலும் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் கரும்புத் தோட்டங்களை ஒட்டி எழுப்பிய கோயில்களில், மவுண்ட் எட்ஜ்கோம்ப் விநாயகர் கோயில் இன்றும் நிற்கிறது. கருங்கல்லும் ஸ்தபதிகளும் கிடைக்காத இடத்தில், செங்கல்லையும் சுண்ணாம்பையும் கொண்டு, ஊரில் பார்த்த விமானத்தை நினைவிலிருந்து எழுப்பியவர்களின் கைத்திறன் அது.

உங்கள் குடும்பத்தோடு தொடர்புடைய கோயிலைப் பதிவு செய்யும்போது ஒரு முறையைப் பின்பற்றுங்கள். தொலைவிலிருந்து நான்கு திசைகளிலும் படம் எடுங்கள். பிறகு விமானத்தின் ஒவ்வொரு நிலையையும் கீழிருந்து மேலாக எடுங்கள். அதன் பின் சுதைச் சிற்பங்களைத் தனித்தனியாக எடுங்கள். காலையில் கிழக்கு முகமும் மாலையில் மேற்கு முகமும் நன்றாக விழும். ஒவ்வொரு சிற்பத்துக்கும் இருக்கும் இடம், உருவம், கையில் உள்ள ஆயுதம், இன்றைய வண்ணம் ஆகியவற்றைக் குறித்துக்கொள்ளுங்கள். குடமுழுக்குக்கு முன் பழைய வண்ணத்தின் மேல் புது வண்ணம் பூசப்படும். உடைந்த கை, மூக்கு எல்லாம் சிமெண்டால் சரிசெய்யப்படும். அது வழிபடுவோரின் உரிமை, குறைசொல்ல ஒன்றுமில்லை. ஆனால் அதற்கு முந்தைய வாரம் நீங்கள் எடுத்த படம் மட்டுமே பழைய உருவத்துக்குச் சாட்சியாக இருக்கும். ஆகவே கோயில் குழுவிடம் பேசி, திருப்பணி தொடங்கும் நாளைக் கேட்டு வைத்துக்கொள்ளுங்கள். நன்கொடைப் பலகைகளையும் விடாமல் எடுங்கள். உங்கள் பாட்டியின் பெயர் அரசு ஆவணம் எதிலும் இல்லாமல், ஐந்து பவுண்டு கொடுத்தவர்கள் பட்டியலில் இருக்கக்கூடும்.

எழுதும் முறை

குடும்பத்தார் எழுதும் நூல்களில் அடிக்கடி காணும் குறை, முதல் நாற்பது பக்கங்களில் இந்தியர் குடியேற்றத்தின் பொது வரலாற்றைச் சொல்லிவிட்டு, பிறகு குடும்பத்துக்கு வருவது. அப்படிச் செய்யாதீர்கள். உங்கள் முன்னோரின் எண்ணோடு தொடங்குங்கள். கூலி பற்றிய சட்டம் அவர் கூலி வாங்கும் இடத்தில் வரட்டும், வரி பற்றிய சட்டம் அவர் ஒப்பந்தம் முடியும் இடத்தில் வரட்டும். பொது வரலாறு மோருக்கு உப்புப் போல அளவாகக் கலந்திருக்க வேண்டும்.

பேச்சுகளை இட்டுக்கட்டாதீர்கள். தில்லையாடி வள்ளியம்மையின் வாழ்க்கையைப் பாருங்கள். 1898இல் ஜொகன்னஸ்பர்கில் பிறந்தவர், பீட்டர்மரிட்ஸ்பர்க் சிறையிலிருந்து நோயோடு வெளியே வந்து 1914 பிப்ரவரி 22 அன்று, பதினாறு வயதில் இறந்தார். உறுதியாகத் தெரிந்த செய்திகளை வைத்து எழுதினாலே அந்த வாழ்க்கை நெஞ்சை உலுக்கும். பிற்காலத்தவர் அவர் வாயில் வைத்த வீர வசனங்கள் ஒன்றும் அதற்குத் தேவையில்லை. உங்கள் குடும்பத்தில் அப்படி ஒரு பெண் இருந்தால், தெரிந்த நான்கு செய்திகளைத் தெளிவாக எழுதி, தெரியாத இடத்தில் நிறுத்திவிடுங்கள்.

துயரமான செய்திகளும் வரும்: தோட்டத்தில் தூக்கிட்டு இறந்தவர், ஊரில் ஒரு மனைவியை விட்டுவிட்டு இங்கே மறுமணம் செய்தவர், இந்திய, தென்னாப்பிரிக்க அரசுகள் செய்துகொண்ட 1927 கேப் டவுன் உடன்படிக்கைக்குப் பின் உதவித்தொகை வாங்கிக்கொண்டு இந்தியாவுக்குத் திரும்பி, அதன் பின் கடிதமே எழுதாத தம்பி. இறந்துபோனவர்களைப் பற்றியவற்றை மரியாதையோடு எழுதலாம், எழுதத்தான் வேண்டும். உயிரோடு இருப்பவரைப் புண்படுத்தும் எதையும் அவருடைய சம்மதமின்றி அச்சேற்றக் கூடாது. அச்சுக்குப் போகுமுன் ஒவ்வொரு கிளையிலும் ஒருவருக்காவது கையெழுத்துப் பிரதியைக் கொடுத்து, திருத்தங்களை எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள்.

பெண்களை ‘இன்னாரின் மனைவி’ என்று மட்டும் எழுதி நிறுத்தாதீர்கள். கப்பல் பதிவேட்டில் அவர்களுக்குத் தனி எண் உண்டு, தனித் தந்தை பெயர் உண்டு, தனி ஊர் உண்டு. மரபுக் கொடியிலும் மருமகள்களின் பிறந்த வீட்டுப் பெயரைச் சேருங்கள்.

எந்த மொழியில் எழுதுவது என்ற கேள்விக்கு என் விடை இதுதான்: நூலை ஆங்கிலத்தில் எழுத நேர்ந்தாலும், பெயர்களையும் ஊர்களையும் பெரியவர்களின் முக்கியமான வாசகங்களையும் தமிழ் எழுத்தில் தனியாக அச்சிடுங்கள். இன்றைய பிள்ளைகளில் பலருக்குத் தமிழ் எழுத்துத் தெரியாது. அவர்கள் பெயரின் சரியான ஒலியைத் தேடும் நாளில் அது அச்சில் இருக்க வேண்டும். யூனிகோடு எழுத்துருவையே பயன்படுத்துங்கள்.

அச்சும் அதற்குப் பின்னும்

படங்கள் நிறைந்த நூலுக்கு 130 ஜிஎஸ்எம் மேட் தாள் பொருத்தமானது. வெறும் பசையால் ஒட்டும் கட்டுமானத்தைவிட நூலால் தைத்த கட்டுமானம் பல மடங்கு நீடிக்கும். செலவு கூடினாலும் அதையே கேளுங்கள். நூலை அடையாளம் காட்டும் ஐஎஸ்பிஎன் எண்ணைப் பிரிட்டோரியாவில் உள்ள தேசிய நூலகம் கட்டணமின்றித் தருகிறது. பிறர் எடுத்த படத்தை அச்சிடுமுன் பதிப்புரிமையைப் பாருங்கள். தென்னாப்பிரிக்காவில் எழுத்துப் படைப்புக்கு ஆசிரியர் இறந்த பின் ஐம்பதாண்டுகள் உரிமை உண்டு, புகைப்படத்துக்குப் பொதுவாக அது வெளியான பின் ஐம்பதாண்டுகள்.

1997ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, அச்சான நூலின் படிகளைச் சட்டவழி வைப்பு நூலகங்களுக்கு அனுப்ப வேண்டும். கேப் டவுனிலும் பிரிட்டோரியாவிலும் உள்ள தேசிய நூலகத்தின் இரு வளாகங்கள், கேப் டவுனில் உள்ள நாடாளுமன்ற நூலகம், பீட்டர்மரிட்ஸ்பர்கில் உள்ள ம்சுண்டூசி நூலகம், புளூம்ஃபொன்டெய்னில் உள்ள மங்காவுங் நூலகம் ஆகியவை அவை. எத்தனை படிகள் என்பது நீங்கள் அச்சிடும் தொகையைப் பொறுத்தது. தேசிய நூலகத்திடம் கேட்டுக்கொள்ளுங்கள். இவற்றோடு காந்தி-லுத்தூலி மையத்துக்கும், டர்பனில் உள்ள கில்லி கேம்ப்பெல் நூலகத்துக்கும் ஒவ்வொரு படி கொடுங்கள். ஒலிப்பதிவுகளையும், ஸ்கேன் செய்த படங்களையும், ஓர் ஆளுக்கு ஒரு தாள் என்று எழுதிய குறிப்புகளையும் ஒரு வன்வட்டில் சேர்த்து, ஒவ்வொரு பதிவுக்கும் பேசியவர் அளித்த அனுமதியை எழுத்தில் இணைத்து, அந்த மையங்கள் ஏற்றுக்கொண்டால் அவற்றையும் அங்கேயே ஒப்படைத்து விடுங்கள்.